ஒண்ணு போடு, ஒண்ணு விடு

— கொட்டிடுங்க மிஸ்டர் டட்டில். அஞ்சு தோட்டாவையும் மேசை மேல கொட்டிடுங்க.

— ஏனுங்க அம்மணி, மறுபடியுமா?

— அதை நான்தான் கேக்கணும். ரிவால்வர் சுத்திக்கு நேர் கீழ காலி அறை இருக்கணும். இப்ப அங்க பித்தளை மின்னுது. முதல்ல ஒண்ணு போட்டீங்க, சரி. அடுத்த அறையை விட்டிருக்கணும். விடல. அஞ்சையும் வரிசையாப் போட்டுட்டு சுத்தியை இழுத்து இறக்குனா, அது எங்க போய் உக்காரும்?

— முதல்ல போட்ட தோட்டா தலையிலதானுங்க உக்காரும்.

— உக்காந்தா?

— பழைய காலத்து ரிவால்வருங்க இது. சுத்தி மூக்கு தோட்டாவைத் தொட்டுக்கிட்டே கிடக்கும். கை தவறி கீழ விழுந்தா வெடிச்சுரும். என் காலு எனக்கில்லீங்க.

— பக்கத்துல நிக்கிறவ காலும் அவளுக்கில்ல. பாடத்தைத் தலைகீழா ஒப்பிக்கிறீங்க. கைதான் கேக்க மாட்டேங்குது.

— வயசான கையுங்களே.

— வயசைப் பத்தி எங்கிட்டப் பேசாதீங்க, எனக்கும் அதே வயசுதான். குழல் எங்க பாக்குது?

— குண்டு தடுக்கிற மண்மேட்டைத்தானுங்க.

— உங்க மூஞ்சி எங்க பாக்குது?

— உங்களைங்க.

— மூஞ்சியும் மண்மேட்டையே பாக்கட்டும். கை மேசையில, கண்ணு மேட்டுல. முப்பது வருஷம் பள்ளிக்கூட பஸ் ஓட்டுனேன், ஒரு பிள்ளை கூட இவ்வளவு தடவை என்னை ஒரே வார்த்தையைச் சொல்ல வெச்சதில்ல.

— வெர்லீன் அக்கா, அங்க என்ன அடைச்சுக்கிட்டு நிக்குது? வரிசையில நிக்கிறவங்க எல்லாம் தொப்பியைப் பிடிச்சுக்கிட்டு நிக்குறாங்க. இந்த வயோமிங் காத்துல பீன்ஸ் குழம்பு வேற ஆறித் தொலையுது.

— ட்வைட், மேசைகிட்ட வராத. கோட்டுக்கு அந்தப் பக்கமே நில்லு.

— நின்னுட்டேன்க்கா. ஆனா மைதானத்துக்குள்ள என்னை ட்வைட்டுன்னு கூப்பிடக் கூடாது. இடிமுழக்கம். ஆளாளுக்கு ஒரு கௌபாய்ப் பேரு, அந்தப் பேருலதான் சுடணும், அந்தப் பேருலதான் கூப்பிடணும். துப்பாக்கி மன்றத்துத் தலைவன் என்னையே சொந்தப் பேர் சொல்லிக் கூப்பிட்டா எப்படி?

— என் பஸ்ல தினமும் வாந்தி எடுத்த பையன் நீ. உன்னை இடிமுழக்கம்னு கூப்பிட என் வாய்க்கு வர மாட்டேங்குது.

— அதை ஏங்க்கா இத்தனை பேருக்கு நடுவுல. சரி, வெல்லப்பாகு அண்ணே மறுபடியும் கோட்டை விட்டாரா?

— விட்டார் மிஸ்டர் டட்டில்.

— இந்த வருஷத்துல இது நாலாவது. அண்ணே, நீங்க மனசுல வெச்சுக்காதீங்க, நான் பதவியில இருக்கிறதால பேசுறேன். போன மாசக் கூட்டத்துல எல்லாரும் கைதூக்கி முடிவு பண்ணதுதான். தோட்டா போடுற மேசையில இன்னொரு தடவை தப்பு நடந்தா, துப்பாக்கி பெல்ட்டைக் கழட்டி வெச்சுட வேண்டியது. உங்களை அப்படியே விட்டுட மாட்டோம். காபி ஊத்துற வேலை உங்களுக்குத்தான். ஏப்ரன் கூட தெச்சாச்சு.

— ஏப்ரனுங்களா?

— பூப் போட்டது. கிளாடிஸ் தெச்சா. மஞ்சப் பூ.

— தம்பி, நாப்பது வருஷமா குதிரைக்கு லாடம் அடிச்ச ஆளுங்க நானு. தோல் ஏப்ரன் கட்டி வளந்தவன். மஞ்சப் பூவுங்களா?

— சின்னச் சின்னப் பூதான்ணே, தூரத்துல தெரியாது. அக்கா, உங்க வாக்குதான் தீர்ப்பு. மறதின்னு சொன்னீங்கன்னா அண்ணனுக்குக் காபி. வேணும்னே பண்ணாருன்னு சொன்னா, அப்படி எவனும் பண்ண மாட்டான், ஆனா விதின்னு ஒண்ணு எழுதியிருக்கு, ஆயுசுக்கும் இந்த வாசல்ல கால் வைக்கக் கூடாது.

— தெரியும். அந்த விதியை எழுதுனதே நான்தான்.

— அதான் சொல்றேன். சொந்தத் தங்கச்சி விசையில விரலை வெச்சுக்கிட்டே திரும்புனான்னு அவளையே வெளிய அனுப்புனவங்க நீங்க. நீங்க சொன்னா ஊரே தலையாட்டும். நான் போய்க் குழம்பை மறுபடி அடுப்புல ஏத்திட்டு வந்துடுறேன், வரிசையையும் அதுவரைக்கும் உக்காரச் சொல்றேன். வந்ததும் ஒரு வார்த்தை. மறதியா, வேணும்னேயா. அவ்வளவுதான்.

— ஓடாத, நடந்து போ. மைதானத்துல ஓடக் கூடாது.

— சரிங்க டீச்சர். ஐயய்யோ, சரிங்க்கா.

— பாத்தீங்களா அம்மணி. பயந்துட்டே போறான் இடிமுழக்கம்.

— சிரிக்காதீங்க. முதல்ல ரிவால்வரைக் காலி பண்ணிக் காட்டுங்க. சுத்தியைப் பாதி தூக்குங்க. பக்கக் கதவைத் திறங்க. சிலிண்டரை விரலால உருட்டுங்க, ஒவ்வொரு அறையா, சொடக்குச் சொடக்கா. சினிமாவுல வர்ற மாதிரி சர்ருனு சுத்தி விட்டீங்கன்னா மஞ்சப் பூ ஏப்ரனை நானே கட்டி விடுவேன்.

— நீங்க கட்டி விடுவீங்கன்னா யோசிக்கலாமுங்க.

— என்ன சொன்னீங்க?

— ஒண்ணுமில்லீங்க. காலி. காலி. இதுவும் காலி. காலிங்க. காலி. ஆறாவதும் காலி.

— கீழ வைங்க. குழல் மேட்டைப் பாத்து. கையை எடுங்க. இப்ப என் பக்கம் திரும்பலாம்.

— அப்பாடா. கழுத்து வலிச்சுப் போச்சுங்க.

— மிஸ்டர் டட்டில், நெசமாக் கேக்குறேன். உங்களுக்கு என்ன ஆச்சு? நான் இந்த மேசைக்கு வந்த நாள்ல இருந்து பாக்குறேன். ஒண்ணு போடு, ஒண்ணு விடு, நாலு போடு, முழுசா இழு, மெதுவா இறக்கு. தூக்கத்துல எழுப்பிக் கேட்டாலும் பண்ணுவீங்க. இந்த வருஷம் மட்டும் ஏன்?

— மறதிதானுங்களே. வேறென்ன.

— வீட்டுல அடுப்பை அணைக்க மறக்குறீங்களா?

— இல்லீங்க.

— வண்டிச் சாவி?

— ஆணியில தொங்குதுங்க.

— நார்மா பொறந்த நாள்?

— அவ போயி ஆறு வருஷமாச்சு, இன்னமும் அன்னிக்குக் கேக் வாங்கியாந்து தனியாத் தின்னுட்டுதான் படுக்கறேன். அதெல்லாம் மறக்கலீங்க. துப்பாக்கி எண்ணிக்கைதான் தட்டிப் போகுது. ஏப்ரல்ல ஆரம்பிச்சதுங்க.

— ஏப்ரல்ல.

— வருஷத்து முதல் போட்டிங்க. ஓரத்துல பனி கிடந்துச்சு. நான் பாட்டுக்குப் போட்டேன், சுத்தியை இறக்குனேன். நீங்க எட்டிப் பாத்துட்டு, "கீழ பித்தளை தெரியுது, கொட்டிட்டு மறுபடி போடுங்க"ன்னீங்க. நான் குனிஞ்சு கூடப் பாக்கலீங்க. நீங்க சொன்னா சரியாத்தான் இருக்குமுன்னு கொட்டிட்டேன். ஆனா உள்ளுக்குள்ள ஆடிப் போயிட்டேனுங்க. அன்னிக்கு ராத்திரி பொட்டுத் தூக்கமில்ல. எங்கப்பனுக்கும் இப்படித்தான் ஆரம்பிச்சது. முதல்ல லாட ஆணியை எண்ண மறந்தாரு, அப்புறம் ஆர்ரின்ங்கிற என் பேரையே மறந்தாரு.

— அதை ஏன் எங்கிட்டச் சொல்லல?

— சொல்லி என்னங்க பண்றது? டவுனுக்குப் போயி டாக்டரைப் பாத்தேன்.

— டாக்டரையா பாத்தீங்க?

— ஆமாங்க. ஏன், மூஞ்சி ஒரு மாதிரி ஆயிருச்சு?

— வெயில் படுது. சொல்லுங்க. என்ன சொன்னாரு?

— சின்னப் பையனுங்க அவரு, மீசை கூட சரியா முளைக்கல. ஒரு கடிகாரம் வரைங்கன்னாரு. வரஞ்சேன். நல்லா இருக்குன்னு சொல்லி அவரே வெச்சுக்கிட்டாரு. அப்புறம் அஞ்சு வார்த்தை சொல்லிட்டு, வேற கதையெல்லாம் பேசிட்டு, திடீர்னு அந்த அஞ்சையும் திருப்பிச் சொல்லுங்கன்னாரு.

— சொன்னீங்களா?

— சொன்னேனுங்க. ஆப்பிள், நாற்காலி, ஆறு, செருப்பு, திங்கக்கிழமை. எழுபது வயசுல உங்க மூளை மாதிரி எனக்கு இருந்தாப் போதும்னு கை குடுத்து அனுப்பிட்டாரு.

— மிஸ்டர் டட்டில்.

— சொல்லுங்க அம்மணி.

— இது செப்டம்பர் மாசம்.

— ஆமாங்க, அடுத்த வாரம் பனி விழுமுன்னு சொல்றாங்க.

— ஏப்ரல்ல யாரோ ஒரு பையன் சொன்ன அஞ்சு வார்த்தை வரிசை மாறாம இன்னும் நாக்குல நிக்குது. இப்ப அஞ்சு நிமிஷத்துக்கு முன்னாடி போட்ட அஞ்சு தோட்டா மறந்து போச்சா?

— அது வேற மூளைங்க, இது வேற கைங்க.

— கதை விடாதீங்க. அந்தத் தோட்டா மேல இருந்து கையை எடுங்க.

— நான் பொறுக்கிப் பையில போடலாமுன்னு.

— நாலு தோட்டா அங்க கிடக்குது. நீங்க அதைப் பொறுக்கல. இந்த ஒண்ணை மட்டும் அவசரமா எடுக்கப் பாக்குறீங்க. ஆகஸ்ட்லயும் ஒண்ணை எடுத்துச் சட்டைப் பையில போட்டீங்க. நான் கவனிச்சேன். மத்ததெல்லாம் பெல்ட்டுக்குப் போச்சு, அது மட்டும் சட்டைக்குப் போச்சு. குடுங்க இப்படி.

— வேண்டாமுங்க அம்மணி.

— குடுங்கன்னேன்.

— இந்தாங்க.

— என்ன இது, பஞ்சு மாதிரி இருக்கு.

— காத்துல அப்படித் தெரியும்.

— காத்துல தோட்டா எடை குறையுமா? மருந்து இல்ல இதுல. பின்னாடி பாருங்க, சுத்தி அடிச்சா வெடிக்கிற பொட்டு இருக்க வேண்டிய இடத்துல ஓட்டை. ஓட்டையை மெழுகால அடைச்சு, மேல என்ன தடவியிருக்கு, பித்தளைப் பாலீஷா?

— நகப் பூச்சுங்க. தங்கக் கலரு. நார்மாவோடது, டப்பாவுல கொஞ்சம் ஒட்டிக்கிட்டுக் கிடந்துச்சு.

— டம்மித் தோட்டா. தச்சு வேலை மாதிரி உக்காந்து செஞ்சிருக்கீங்க. மத்த நாலும்?

— அதெல்லாம் நெசத் தோட்டாங்க.

— முதல்ல போடுறது மட்டும் டம்மி.

— ஆமாங்க.

— ஒண்ணை விடாம அஞ்சையும் வரிசையாப் போட்டா, சுத்தி வந்து உக்காருறது அந்த முதல் தோட்டா மேல.

— அதேதானுங்க. அந்த டம்மி மேல.

— அப்ப இது மறதி இல்ல.

— அம்மணி, கொஞ்சம் மெதுவாப் பேசுங்க.

— இது மறதி இல்ல, மிஸ்டர் டட்டில். தப்பு பண்றதுக்கு ஒரு வாரம் முன்னாடியே உக்காந்து ஏற்பாடு பண்ணியிருக்கீங்க. மறதிக்காரன் தப்பு பண்ணப் போறோம்னு தெரிஞ்சு நகப் பூச்சு தடவிக்கிட்டு வர மாட்டான்.

— உங்களுக்கு ஒரு ஆபத்தும் வந்துரக் கூடாதுன்னுதானுங்க அது. விளையாட்டுக்குக் கூட உங்க பக்கத்துல உயிருள்ள தோட்டா மேல சுத்தியை இறக்க மனசு வரல.

— விளையாட்டு. தோட்டா போடுற மேசையில விளையாட்டு. உங்களை இப்பவே ட்வைட்டைக் கூப்பிட்டு வாசலுக்கு வெளிய தள்ளணும். எதுக்கு? யாரை ஏமாத்த? பந்தயமா? எவன் கூடயாவது பந்தயம் கட்டியிருக்கீங்களா?

— இல்லீங்க.

— பின்ன?

— ரிவால்வரைக் கையில எடுத்துக்கட்டுங்களா? மேட்டைப் பாத்துக்கிட்டுச் சொல்றது சுலபமுங்க.

— வேண்டாம். கீழயே இருக்கட்டும். என்னைப் பாத்துச் சொல்லுங்க.

— நீங்க பெட்டூனியாவை வித்துட்டீங்க.

— என் குதிரைக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?

— போன வருஷம் இலையுதிர் காலத்துல வித்தீங்க. அதுவரைக்கும் ஆறு வாரத்துக்கு ஒரு தடவை லாடம் மாத்த உங்க கொட்டகைக்கு வருவேன். நீங்க கயித்தைப் பிடிச்சுக்கிட்டு நிப்பீங்க. நான் குனிஞ்சு குளம்பைச் சீவுவேன். நீங்க பேச மாட்டீங்க, நானும் பேச மாட்டேன். முடிஞ்சதும் "காபி குடிங்க"ன்னுவீங்க. அவ்வளவுதானுங்க. ஆனா அதுக்காக நான் முந்தின நாள் ராத்திரியே சட்டையைத் தேச்சு வெப்பேன்.

— லாடம் அடிக்கத் தேச்ச சட்டையா?

— குதிரை கூடத் திரும்பிப் பாத்துச்சுங்க. நீங்கதான் பாக்கல.

— முட்டி வலி. குதிரை மேல ஏற முடியல. அதான் வித்தேன்.

— எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். அது சும்மா நின்னா கூட லாடம் மாத்தணுமுங்க. சரி விடுங்க. அப்புறம் குளிர்காலம் பூரா உங்களைப் பாக்க வழியே இல்ல. சர்ச்சுல பலகாரம் விக்கிற மேசைக்கு வந்தேன். ஆப்பிள் பை குடுத்தீங்க, மூடியைச் சாத்துனீங்க, "அடுத்தவங்க"ன்னீங்க. தபால் ஆபீஸ்ல பாத்தேன். "வழி விடுங்க"ன்னீங்க.

— வாசலை அடைச்சுக்கிட்டு நின்னீங்க.

— உங்களுக்காகத்தானுங்க நின்னேன். ஏப்ரல்ல, இங்க, நான் எண்ணிக்கையில தப்பு விட்ட அன்னிக்கு, பயந்தது பயந்ததுதான். ஆனா ஒண்ணு கவனிச்சேன். கொட்டிட்டு மறுபடி போடுறப்ப, என் பக்கத்துலயே நின்னு என் கையையே பாத்துக்கிட்டிருந்தீங்க. "மெதுவா, அவசரமில்ல"ன்னீங்க. எங்கிட்ட யாரும் அப்படிப் பேசி வருஷக்கணக்காச்சுங்க. டாக்டர் எனக்கு ஒண்ணுமில்லன்னு சொன்னதும், சந்தோஷமாத்தான் இருந்துச்சு. கொஞ்சம் வருத்தமாவும் இருந்துச்சு.

— வருத்தமா? எதுக்கு?

— இனிமே தப்பு வராதே. வந்தாத்தானே இன்னொரு தடவை நிப்பீங்க. அதான் ஜூன்ல நானே வர வெச்சேன்.

— நல்லா இருக்கு. அறிவுள்ள மனுஷன் பண்ற வேலையா இது? வாயைத் திறந்து, "வெர்லீன், சாயங்காலம் சாப்பிடப் போலாமா"ன்னு கேக்கறதுக்கு என்ன கேடு?

— ஜூலையில கேட்டேனுங்க.

— எப்ப?

— இதே இடத்துல. "அம்மணி, சாயங்காலம்"னு ஆரம்பிச்சேன். "மேசையில பேச்சு வேண்டாம், கையைப் பாருங்க"ன்னீங்க. கையைப் பாத்தேன்.

— விதி அது.

— தெரியுமுங்க. அதான் விதிக்குள்ள இருந்தே ஒரு வழி தேடுனேன்.

— விதிக்குள்ளயா? விதிக்குக் குழி தோண்டியிருக்கீங்க. வரிசையில நிக்கிறவங்களுக்கு இது தெரிஞ்சா நாளைக்கு இந்த மேசையை எவன் மதிப்பான்? துப்பாக்கிக்கு ஆசை பாசம் எதுவும் தெரியாது, மிஸ்டர் டட்டில். இன்னிக்கு டம்மி. ஒரு நாள் கை மாறி நெசத் தோட்டா முதல்ல போயிருந்தா?

— ஒவ்வொரு தடவையும் மூணு முறை பாத்துட்டுத்தானுங்க போட்டேன். ஆனா நீங்க சொல்றது சரி. தப்புதான். இனி பண்ண மாட்டேன். பண்றதுக்கும் இனி வாய்ப்பு இல்ல. அதோ வர்றான் பாருங்க, கரண்டியோட.

— நான் என்ன சொல்றது அவன்கிட்ட?

— மறதின்னே சொல்லிடுங்க.

— மஞ்சப் பூ ஏப்ரன்.

— கட்டிக்கிறேனுங்க. வேணும்னேன்னு சொன்னா வாசல்லயே விட மாட்டாங்க. காபி ஊத்துனா, ஞாயித்துக்கிழமை உங்களுக்கும் ஒரு கப்பு ஊத்தலாமே. சக்கரை இல்லாம, பால் கொஞ்சம்.

— அது எப்படித் தெரியும்?

— பெட்டூனியா கொட்டகையில குடிப்பீங்களே.

— அக்கா, குழம்பு கொதி வந்துருச்சு, சோள ரொட்டியும் சூடாயிருச்சு. தீர்ப்பைச் சொல்லிட்டா எல்லாருக்கும் நல்லது. அண்ணே, கண்ணைத் துடைக்காதீங்க, எனக்கும் ஒரு மாதிரி ஆகுது.

— தூசி தம்பி.

— சொல்லுங்க்கா. மறதிதானே?

— மறதி இல்ல.

— மறதி இல்லையா? அப்ப, அக்கா, அப்ப வேணும்னேயா? வெல்லப்பாகு அண்ணனா? என்னால நம்ப முடியல.

— தம்பி, நான் சொல்றேன், அம்மணியைக் கேக்காத. நான்தான்.

— நீங்க மேட்டைப் பாருங்க மிஸ்டர் டட்டில். மேசைக்காரி பேசிக்கிட்டிருக்கேன். ட்வைட், நீ கேட்டது மறதியா வேணும்னேயான்னு. ரெண்டும் இல்ல. தப்பு மேசையோடது.

— மேசையோடதா? மேசை எப்படிக்கா தப்பு பண்ணும்?

— மேசைன்னா மரப் பலகையா? நான். இந்த வருஷத்துத் தப்பெல்லாம் நான் சொன்ன ஒரு தப்பான வாக்குல ஆரம்பிச்சது. விதி என்ன சொல்லுது?

— மேசையில நிக்கிறவங்க தப்பா வாக்குச் சொன்னா, ஒரு வருஷம் மேசைப் பக்கம் வரக் கூடாது. சிவப்புக் கைப்பட்டையைக் கழட்டிக் குடுத்துடணும். ஆனா அக்கா, அது யாருக்கும் இதுவரைக்கும் நடந்ததே இல்லையே. உங்களுக்குக் கண்ணுல புரை விழுந்திருக்கா?

— கண்ணு கழுகுக் கண்ணு. இந்தா கைப்பட்டை.

— அம்மணி, வேண்டாமுங்க.

— மேட்டைப் பாருங்கன்னேன்.

— அப்ப இனிமே மேசையில யாருக்கா நிக்கிறது?

— நீ நில்லு. இடிமுழக்கத்துக்கு அஞ்சு வரைக்கும் எண்ண வராதா?

— எண்ண வரும்க்கா. ஆனா எனக்குத் துப்பாக்கின்னா கொஞ்சம் பயம். அதான் தலைவரா இருக்கேன்.

— சரி, வரிசையில கிளாடிஸ் உக்காந்திருக்கா பாரு, அவகிட்டக் குடு. ஏப்ரன் தெச்சுக்கிட்டு இருக்கிறதுக்கு இது மேல்.

— அண்ணன் சுடலாமா அப்ப?

— சுடலாம். நீ போய் வரிசையை எழுப்பு. கிளாடிஸ் வர்ற வரைக்கும் இந்த ஒரு ஆளை மட்டும் நான் முடிச்சு அனுப்புறேன்.

— சரிங்க்கா. நடந்தே போறேன்.

— அம்மணி.

— பேச்சு வேண்டாம். ரிவால்வரை எடுங்க. குழல் எங்க?

— மேட்டுல.

— விரல்?

— விசைக்கு வெளிய.

— டம்மி எங்கிட்ட இருக்கு, தேடாதீங்க. பெல்ட்டுல இருந்து அஞ்சு எடுங்க. சுத்தியைப் பாதி தூக்குங்க. கதவு. ஆரம்பிங்க. வாய்விட்டுச் சொல்லிக்கிட்டே போடுங்க.

— ஒண்ணு போடுறேனுங்க.

— ம்.

— ஒண்ணு விடுறேன்.

— விடுங்க. அந்த அறைதான் முக்கியம். அது காலியா இருந்தாத்தான் மத்த அஞ்சையும் நம்பிக் கூட நடக்க முடியும்.

— ரெண்டு. மூணு. நாலு. அஞ்சு. கதவைச் சாத்திட்டேன். முழுசா இழுக்கிறேன். கட்டைவிரல்ல பிடிச்சு மெதுவா இறக்குறேன். இறக்கிட்டேனுங்க.

— இருங்க, பக்கத்துல இருந்து பாக்குறேன். தோட்டா விளிம்பு, விளிம்பு. சுத்திக்குக் கீழ விளிம்பு இல்ல. காலி. சரியா இருக்கு. உறையில வைங்க.

— வெச்சுட்டேன். போறதுக்கு முன்னாடி ஒண்ணு சொல்லிக்கட்டுங்களா?

— மேட்டைப் பாத்துக்கிட்டே சொல்லுங்க.

— என்னால உங்களுக்கு மேசை போச்சு. அந்தக் கைப்பட்டையையே கழட்டிக் குடுத்துட்டீங்க. வாழ்க்கையில ஒரு பொய் சொல்லாத மனுஷிங்க நீங்க. எனக்காக முதல் பொய்யைச் சொல்லிட்டீங்க.

— இன்னிக்கு நான் பொய் சொல்லல.

— தப்பு மேசையோடதுன்னீங்களே. நாலு தப்பும் என்னுதுங்க அம்மணி.

— மூணு.

— நாலுங்க. ஏப்ரல்ல ஒண்ணு, ஜூன்ல ஒண்ணு, ஆகஸ்ட்ல ஒண்ணு, இன்னிக்கு ஒண்ணு.

— மூணுதான், ஆர்ரின். ஏப்ரல்ல நீ சரியாத்தான் போட்டிருந்த.